பிறப்பிலே குற்றவாளி உண்டா?

(ராஜபாளையம் ஆலைத் தொழிலாளர் கூட்டத்திலும், ஸ்ரீவில்லிபுத்தூர் விவசாயத் தொழிலாளர் கூட்டத்திலும் பேசியதன் சுருக்கம்)



வியன்னா நகரச் சந்தையில் கம்பளம் விற்றுப் பிழைத்த ஓர் ஓவியரைப் பற்றிச் சொல்ல வந்திருக்கிறோம். பெயர் சையா ஸ்டோய்க்கா. 1933-ல் ஆஸ்திரியாவில், குதிரை வியாபாரம் செய்து வண்டியிலேயே ஊர் ஊராகப் போன ரோமா குடும்பத்தில் பிறந்தவர்.

ரோமா மக்கள் யார்? சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வட இந்தியாவிலிருந்து போனவர்கள். தண்ணீரை இன்றும் ‘பானி’ என்கிறார்கள். இவர்கள் பிறவித் திருடர்கள் என்று 1899-லேயே மியூனிக் போலீஸ் தனிப் பதிவேடு தொடங்கியது. ஹிட்லர் செய்ததெல்லாம் அந்த வழியில் கடைசி வரை போனதுதான்! 1942-ல் சையாவின் தகப்பனாரைக் கொன்றார்கள். சிறுமியின் கையில் இசட் 6399 என்று பச்சை குத்தி ஆஷ்விட்ஸ் முகாமில் அடைத்தார்கள். தம்பி அங்கேயே மாண்டான். 1944 ஆகஸ்டு 2-ம் தேதி இரவு மட்டும் அங்கே நாலாயிரத்துக்கு மேற்பட்ட ரோமா மக்கள் நச்சுவாயுவுக்குப் பலியானார்கள். பெர்கன்-பெல்சன் முகாமில் மரத்து இலையைத் தின்று சையா உயிர் பிழைத்தார்.

போர் முடிந்ததும் நியாயம் கிடைத்ததா? 1943-க்கு முன் நடந்தது இன ஒடுக்குமுறை அல்ல, குற்றத்தடுப்பு நடவடிக்கை என்று 1956-ல் மேற்கு ஜெர்மன் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இனப்படுகொலை என்று அரசாங்கம் ஒப்புக்கொண்டது 1982-ல். ஐம்பது வயதுக்கு மேல் சையா வர்ணத்தைத் தொட்டார்; முள்வேலியையும் பூட்ஸ் கால்களையும் காக்கைகளையும் வரைந்தார். உயிர் கொடுத்த அந்த மரத்தின் கிளையைக் கையெழுத்தோடு சேர்த்துப் போட்டார். 2013-ல் காலமானார்.

அயல்நாட்டுக் கதைதானே என்கிறீர்களா? வெள்ளைக்காரன் 1871-ல் குற்றப் பரம்பரைச் சட்டம் போட்டான். 1911-ல் அது சென்னை மாகாணத்துக்கும் வந்தது. நம் பக்கத்தில் அதற்கு ரேகைச் சட்டம் என்றே பேர். 1920 ஏப்ரல் 3-ம் தேதி பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்தவர்களைச் சுட்டார்கள். மாயக்காள் என்ற பெண்ணும் பலியானார். இங்கே 1947-லும், நாடு முழுவதும் 1952-லும் சட்டம் ஒழிந்தது. சந்தேகம் ஒழிந்ததா? நரிக்குறவர்கள் பழங்குடிப் பட்டியலில் இடம்பெற 2023 வரை காத்திருந்தார்கள்.

ஊரில் களவு போனதும், ‘கூடாரத்தைச் சோதனை போடு’ என்று ஒருவன் சொல்ல, நம்மில் எத்தனை பேர் தலையாட்டுகிறோம்? கூலி உயர்வு கேட்டால் நம்மையும் கலகக்காரன் என்று பதிவேட்டில் ஏற்றுகிறவர்கள் யார்? அவர்களே அல்லவா!

எனவே, அடுத்த முறை கூடாரத்துக்குப் போலீஸ் வந்தால் சங்கத் தோழர்கள் நாலு பேர் போய் நிற்க வேண்டும். என்ன குற்றம், யார் சாட்சி என்று கேட்க வேண்டும். அது அவர்களுக்குச் செய்யும் தர்மம் அல்ல, தோழர்களே, நம் வேலை.