நம் கதையை நாமே மேடையேற்றுவோம்

(சங்கத்தின் வெள்ளி விழாவில் தலைமையாசிரியர் ஒருவர் ஆற்றிய உரை)

 

நம் பிள்ளைகளை நாடகத்தில் நடிக்க அழைத்தால் பெற்றோர் சிலர் தயங்குகின்றனர். "ஊருக்கு ஆடிய காலம் போதாதா ஐயா? பிள்ளை படிக்கட்டும்" என்கின்றனர். அத்தயக்கத்தில் நியாயம் உண்டு. கட்டாயத்தின் பேரில் பறையடித்தவர்களின் வழிவந்தோர் அல்லவா நாம்? ஆயினும் பிறர் ஏவலுக்கு ஆடுவது வேறு. நம் வாழ்வை நாமே மேடையேற்றுவது வேறு. இவ்வேறுபாட்டைத் தம் வாழ்வால் விளக்கிய ஒருவர் ஜான் ஓ'நீல்.

இவர் 1940இல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் பிறந்த கறுப்பின நடிகர், நாடக ஆசிரியர். பல்கலைக்கழகப் பட்டம் பெற்றபின் உரிமைப் போராட்டத்தில் தொண்டாற்றத் தென்மாநிலங்களுக்குச் சென்றார். 1963இல் டோரிஸ் டெர்பி, கில்பர்ட் மோசஸ் ஆகியோருடன் மிசிசிப்பியில் 'ஃப்ரீ சதர்ன் தியேட்டர்' என்னும் குழுவைத் தொடங்கினார்.

அது எத்தகைய காலம்? வாக்காளராகப் பதிவு செய்யச் சென்றதற்காகவே கறுப்பின மக்கள் வேலையும் வீடும் இழந்த காலம். 1964 ஜூனில் உரிமைத் தொண்டர் மூவர் அம்மாநிலத்தில் கொல்லப்பட்டனர். அவ்வாண்டிலேயே இக்குழு ஊர் ஊராகச் சென்று, கட்டணமின்றி நாடகம் நடத்தியது. கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்தே நடித்தனர்.

சாமுவேல் பெக்கெட்டின் 'கோடோவுக்காகக் காத்திருத்தல்', படித்தவர்களுக்கே விளங்காதது எனப் பெயர் பெற்றது. வராத ஒருவருக்காக இருவர் காத்திருக்கும் நாடகம் அது. பருத்தி வயலில் உழைத்து, போராட்டத் தலைவியாக உயர்ந்த ஃபேனி லூ ஹேமர் அதனைத் தம் ஊரான ரூல்வில்லில் கண்டார். காத்திருந்தே பின்தங்கிய தம் மக்களின் கதை இது என்று அவர் எடுத்துரைத்தார். ஏட்டறிவுக்கு எட்டாதது பட்டறிவுக்கு எட்டியது!

1980இல் அக்குழு ஓய்ந்தது, ஓ'நீல் ஓயவில்லை. நியூ ஆர்லியன்சில் 'ஜூன்பக் புரொடக்‌ஷன்ஸ்' அமைப்பை நிறுவினார். ஜூன்பக் ஜாபோ ஜோன்ஸ் என்னும் கதைசொல்லியாகத் தனியொருவராய் மேடையேறினார். எளிய மக்களின் அறிவே அப்பாத்திரத்தின் உயிர். பல்லாண்டுகள் இப்பணியே அவர் வாழ்வாயிற்று; 2019இல் மறைந்தார்.

அவர் வளர்த்தெடுத்த முறை ஒன்று 'கதை வட்டம்'. அனைவரும் வட்டமாக அமர்வர். ஒவ்வொருவரும் தம் வாழ்வில் நடந்த ஒன்றைச் சொல்வர். அனைவருக்கும் சம நேரம். இடைமறித்தல் இல்லை; வாதம் இல்லை. விவாத மேடையில் வாய்வல்லார் பேசுவர், மற்றோர் வாய்மூடி இருப்பர். வட்டத்திலோ கடைசி இருக்கை என்பதே இல்லை. அங்குக் கிடைத்த கதைகளிலிருந்து நாடகங்களும் பிறந்தன.

பெற்றோர்களே! நம் வகுப்புகளில் வாய் திறவாப் பிள்ளைகள் உளர். அவர்களுக்கு அறிவு குறைவு இல்லை. தம் சொல்லைக் கேட்பார் உண்டு என்ற நம்பிக்கையே குறைவு. எனவே திங்களுக்கு ஒரு மாலை கதை வட்டம் கூட்டுமாறு சங்கத்தை வேண்டுகிறேன். பாட்டிமாரும் வரட்டும், பிள்ளைகள் கேட்கட்டும், எழுதட்டும், நடிக்கட்டும். அது படிப்புக்குப் பகையன்று. படிப்பின் மற்றொரு பாதி.