பெயர் சூட்டிய பின்



சங்க அகப்பாடல்களில் தலைவனுக்கும் தலைவிக்கும் பெயர் கிடையாது. ஒருவரையும் பெயர் சுட்டிப் பாடலாகாது என்பது தொல்காப்பியர் வகுத்த நெறி. அதனாலேயே அக்காதல் எவர் வீட்டுக் காதலாகவும் ஆகிவிடுகிறது. கவிதைக்கு அது பெரும்பேறு. கதையின் நிலை வேறு. பெயர் சூட்டியவுடன் அந்தப் பெயருக்கு ஊரும் தெருவும் சம்பளமும் கடனும் வந்து சேர்கின்றன. இவற்றை மறைத்துவிட்டு நிலவையும் தென்றலையும் மட்டும் காட்டினால், காதலர் இருவரும் திரைப்படப் பாட்டுக்கு வாயசைப்பவர்களாகவே நின்றுவிடுவர்.

புதுமைப்பித்தன் 1943-இல் எழுதிய 'செல்லம்மாள்' கதையை நோக்குவோம். பிரமநாயகம் பிள்ளை சென்னைக்குப் பிழைக்கப் போய் ஜவுளிக்கடையில் உழைப்பவர். மனைவி செல்லம்மாள் தீராத நோயாளி. கடையிலிருந்து திரும்பியதும் அடுப்பு மூட்டுபவர் அவரே. நினைவு தடுமாறிய செல்லம்மாள் அவரைத் தன் தாயென்று எண்ணிப் பேசுகிறாள். அவர் அவளைத் திருத்தவில்லை. தாயாகவே மறுமொழி சொல்கிறார். 'காதல்' என்ற சொல்லை ஆசிரியர் அவ்விடத்தில் நாடியிருந்தால் எல்லாம் கெட்டிருக்கும். அவள் இறந்துவிட்டாள் என்பது கதையின் தொடக்கத்திலேயே தெரிந்துவிடுவதால், வாசகர் கவனம் முழுவதும் அந்தக் கைகள் செய்யும் காரியங்களில் தங்குகிறது. அவள் மூச்சு அடங்கியதும் அவருக்குள் ஒரு பாரம் இறங்குகிறது. அதையும் ஆசிரியர் மறைக்கவில்லை. இரங்கத்தக்க கணவன் ஒருவனைப் படைப்பது எளிது. நிம்மதியும் கொள்ளும் கணவனைப் படைக்கத் துணிவு வேண்டும்.

'மோகமுள்' நாவலில் யமுனா பாபுவைவிட வயதில் மூத்தவள். அந்த இடைவெளி இல்லையேல் தி. ஜானகிராமனுக்கு நாவலே இல்லை.

ஆடித்தபசுக் கூட்டத்தில் ஓர் இளைஞனும் ஒரு பெண்ணும் பார்த்துக்கொள்வதாகக் கதை தொடங்குவது சங்கரன்கோவில் எழுத்தாளர் எவருக்கும் தோன்றக்கூடியதே. காட்சி அழகியதுதான். கோமதியம்மன் தவமிருந்த ஊருக்குக் காத்திருத்தலைப் பற்றி எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. ஆனால் கூட்டம் கலைந்தபின் அவன் எத்தெருவுக்குத் திரும்புகிறான், அவள் எத்தெருவுக்கு? சாதியைச் சொல்லாமல் விட்டால் கதை நாகரிகமாகத் தோன்றலாம். சாதி மாறி மணந்தோர் வெட்டுண்டு மடிந்த தென்மாவட்டங்களில் அந்த மௌனம் பொய். விசைத்தறிக் கூடத்தில் இரவு வேலை பார்ப்பவன் அவளிடம் எப்போது பேசுவான்? தறியிரைச்சலில் அலைபேசி மணி காதில் விழுமா? அவள் அண்ணன் எந்த வழியாக வீடு திரும்புவான்?