ஒளிப்பதிவாளர்: ஒரு சொல்லும் ஒரு தொழில்வாழ்வும்



பட்டர்வொர்த்தில் வாழும் நாம் நாள்தோறும் பயன்படுத்தும் மலாய்ச் சொற்களுள் ஒன்று 'ஜுருகேமரா'. 'ஜுரு' என்னும் முன்னொட்டு ஒரு துறையில் தேர்ந்தவரைக் குறிக்கும். மொழிபெயர்த்துரைப்பவர் 'ஜுருபஹாசா' ஆவார். தமிழில் அவ்விடத்தை நிரப்புவது 'ஆளர்' என்னும் பின்னொட்டு. ஒளி, பதிவு, ஆளர் ஆகிய மூன்றும் இணைந்து 'ஒளிப்பதிவாளர்' ஆயிற்று. ஆளுதல் என்பது கருவியை இயக்குவது மட்டுமன்று, பதிந்ததற்குப் பொறுப்பேற்பதுமாகும். இப்பொருளுக்குச் சான்றாக ஒருவரது தொழில்வாழ்வை இன்று எடுத்துரைக்க விழைகின்றேன்.

அவர் ஏ.கே. செட்டியார். 1911-இல் பிறந்தவர், செட்டிநாட்டுக் கோட்டையூரைச் சேர்ந்தவர். இளமையில் பர்மாவில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் ஜப்பானிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலையை முறையாகக் கற்றார். 1937 அக்டோபர் 2, காந்தியடிகளின் பிறந்தநாள். அன்று அமெரிக்காவிலிருந்து அயர்லாந்து செல்லும் கப்பலில் இருந்த அவருக்கு, அண்ணலைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் தோன்றியது. அப்போது அவருக்கு வயது இருபத்தாறு நிரம்பவில்லை.

அண்ணலின் கடந்தகால வாழ்வைப் புதிதாகப் படம்பிடிக்க இயலாது. எனவே, பல நாடுகளில் பலர் எடுத்துவைத்திருந்த படச்சுருள்களைத் தேடிச் செட்டியார் புறப்பட்டார். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுகளில் ஏறக்குறைய நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். பாரிசில் பயின்ற டாக்டர் பி.வி. பதி இப்பணியில் அவருக்குத் துணைநின்ற ஒளிப்பதிவாளர். திரட்டியவற்றிலிருந்து 12,000 அடி நீளத்தில் உருவான படம் 1940-இல் தமிழ் விளக்கவுரையுடன் வெளிவந்தது. ஆங்கில வடிவம் 1953-இல் அமெரிக்காவில் திரையேறியது.

தமிழில் 'படம் எடுத்தல்', 'படம் பிடித்தல்' என்கிறோம். இவ்விரு வினைகளும் ஒருவர் ஒரு கணத்தில் முடிக்கும் செயலைச் சுட்டுவன. செட்டியாரின் பணிக்கு இவை போதா. தேடுதல், திரட்டுதல், தொகுத்தல், காத்தல் என்னும் வினைகளும் அதற்கு வேண்டும். 1943-இல் தாம் தொடங்கிய 'குமரி மலர்' இதழிலும் பழைய தமிழ் எழுத்துகளை இவ்வாறே தேடித் தொகுத்தார். கருவி வேறு, தொழில் ஒன்றே. படம் உருவான வரலாற்றையும் அவரே எழுதிவைத்தார். ஆயினும், தம்மை முன்னிறுத்திக்கொள்ளவில்லை.

இத்துணை உழைப்பில் உருவான படத்தின் முழுமையான தமிழ் வடிவம் பின்னர்க் காணக் கிடைக்காமற்போயிற்று. சுருக்கப்பட்ட ஆங்கில வடிவத்தை ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றிலிருந்து மீட்டார். திரட்டியவரின் பெயரையேனும் நாம் அறிவோம். அந்நூறு ஒளிப்பதிவாளர்களுள் எத்தனை பேரை நம்மால் பெயர்சொல்ல இயலும்?

மலேசியாவில் தொலைக்காட்சி 1963 டிசம்பர் 28-இல் தொடங்கியது. அன்றுமுதல் செய்தி வாசித்தோரின் முகங்களை நாம் அறிவோம். கருவியின் பின்னின்று அம்முகங்களைக் காட்டியோரை அறியோம். தோட்டத்துத் திருவிழாக்களையும் தமிழ்ப்பள்ளி விழாக்களையும் பதிந்த நாடாக்கள் இன்றும் நம் இல்லங்களில் உள்ளன. ஈரமும் பூஞ்சையும் அவற்றை அரித்துவருகின்றன.

மாணவர்களே, அத்தகைய ஒரு நாடாவைத் தேடி எடுங்கள். யார் பதிந்தார், எங்கு, எந்த ஆண்டில் என்று வினவி, அதன் உறையின்மேல் தமிழில் எழுதுங்கள். ஆசிரியர்கள் அதனை ஒரு பாடப்பணியாகவே அளிக்கலாம். 'ஆளர்' என்னும் பின்னொட்டின் முழுப்பொருளை இலக்கண வகுப்பைக் காட்டிலும் அப்பணி தெளிவாக உணர்த்தும்.