கொடும்பாளூரில் ஏன் இத்தனை போர்கள்?



பழங்காலப் போர்க்கலையைப் பற்றிப் பேசுங்கள் என்றதுமே கேட்பவர் மனம் சக்கர வியூகத்துக்குப் போய்விடுகிறது. அபிமன்யு உள்ளே புகுந்தான், வெளியேறும் வழி அறியாமல் மாண்டான். தெருக்கூத்திலும் பாரதப் பிரசங்கத்திலும் தொலைக்காட்சித் தொடரிலும் இதைக் கேட்டுக் கேட்டு, போர்க்கலை என்றால் படையை எந்த வடிவத்தில் நிறுத்துவது என்பதுதான் என்று நம்பப் பழகிவிட்டோம். வியூகம் பொய் என்று நான் சொல்லவில்லை. கௌடில்யரின் அர்த்தசாஸ்திரம் 10-ஆம் அதிகரணத்தில் தண்டம், போகம், மண்டலம், அசங்கதம் என்று அணிவகுப்புகளை வகைப்படுத்துகிறது. தமிழிலும் முன்னே செல்லும் படைக்குத் தூசி என்றும் தார் என்றும், பின்னே வருவதற்குக் கூழை என்றும் பெயர் உண்டு. ஆனால் இந்தப் புதுக்கோட்டை மாவட்டத்தின் மண்ணும் கல்லும் செப்பேடும் சொல்வதை வரிசையாக வைத்துப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது. படைகள் எதிரெதிரே நிற்பதற்கு முன்பே போரின் பெரும்பகுதி முடிந்துவிடுகிறது. பாதையும் நீரும் உணவும் உளவும்தான் வெற்றியை முடிவு செய்கின்றன. இன்று உங்கள் முன் நான் நிறுவ வந்தது இந்த ஒன்றைத்தான்.

முதல் சாட்சி கொடும்பாளூர். திருச்சி–மதுரை நெடுஞ்சாலையில் விராலிமலையைத் தாண்டிப் போகிறவர்கள் மூவர் கோயிலைப் பார்க்க அங்கே இறங்குகிறார்கள். மூன்று கற்றளிகளில் ஒன்று அடித்தளமாக மட்டும் எஞ்ச, இரண்டு இன்றும் நிற்கின்றன. கட்டியவன் இருக்குவேள் மரபின் பூதி விக்கிரமகேசரி. அங்குள்ள வடமொழிக் கல்வெட்டு அவன் முன்னோரின் போர்களைச் சொல்கிறது. ஒருவன் வாதாபியை வென்றவன், அவன் பெயரே பரதுர்க்கமர்த்தனன், பகைவர் கோட்டைகளை நொறுக்கியவன். அவன் வழிவந்த சமராபிராமன் சளுக்கியனைக் கொன்றவன். பூதியோ காவிரிக் கரையில் பல்லவப் படையோடு பொருதவன். இது அந்த ஊர்க்காரர்கள் வெளியே போய்ச் செய்த போர். வெளியார் அந்த ஊருக்கு வந்து செய்த போரும் உண்டு. பாண்டியரின் வேள்விக்குடிச் செப்பேடு, நெடுஞ்சடையனின் தந்தை பல்லவப் படையை வென்ற களங்களைப் பட்டியலிடும்போது கொடும்பாளூரைச் சொல்கிறது. முத்தரையரின் வெற்றிகளைப் பாடும் செந்தலைத் தூண்களும் கொடும்பாளூரைச் சொல்கின்றன, நம் அன்னவாசலாகிய அண்ணல்வாயிலையும் சொல்கின்றன. பாண்டியர், பல்லவர், முத்தரையர், வேளிர் என்று இத்தனை பேரும் ஏன் ஒரே ஊரைக் குறிவைத்தார்கள்? அங்கே பொன் விளைந்ததா? முத்து குளித்தார்களா?

விடை சிலப்பதிகாரத்தில் இருக்கிறது, போரைப் பற்றிய இடத்தில் அல்ல. மதுரைக்கு வழி கேட்ட கோவலனுக்கு மாங்காட்டு மறையவன் சொல்கிறான்: கொடும்பாளூரின் பெருங்குளத்தருகே போனால் பாதை சிவபெருமானின் சூலம்போல் மூன்றாகப் பிரியும், எதில் போனாலும் மதுரை. உறையூரிலிருந்து தெற்கே இறங்குகிற எவரும் அங்கே வந்தே தீர வேண்டும், மதுரையிலிருந்து மேலே ஏறுகிறவரும் அப்படியே. மூன்று வழியும் கூடும் இடத்தைப் பிடித்தவன் எதிரி எந்த வழியில் வந்தாலும் எதிர்கொள்ளலாம். பிடிக்காதவன் மூன்று வழிக்கும் படையைப் பிரித்து வைக்க வேண்டும். இதோடு வெள்ளாற்றையும் சேர்த்துப் பாருங்கள். ஆற்றுக்கு வடக்கே கோனாடு, தெற்கே கானாடு. சோழ நாட்டுக்கும் பாண்டிய நாட்டுக்கும் எல்லையாகச் சொல்லப்பட்டது இந்த ஆறு. தெற்கே ஒலியமங்கலம் என்று இன்று வழங்கும் ஒல்லையூரை வென்று தந்ததையே தன் பெயரின் அடைமொழியாகக் கொண்டான் பூதப்பாண்டியன். ஓர் ஊரை மீட்டது ஒரு மன்னனின் வாழ்நாள் அடையாளம் ஆகிறதென்றால், அந்த எல்லைக்காக எவ்வளவு கடுமையான போட்டி நடந்தது என்பதைச் சொல்லவும் வேண்டுமா?

கோவலனுக்குச் சொன்ன வழியில் குளமும் வருகிறதே, அதை நாம் எளிதாகக் கடந்துவிடுகிறோம். படைத்தலைவன் கடந்திருக்க மாட்டான். வளர்ந்த யானை ஒன்று நாளொன்றுக்கு 100 லிட்டருக்கு மேல் தண்ணீர் குடிக்கும், 150 கிலோ அளவுக்குத் தீவனம் தின்னும். 100 யானைகள் என்று வைத்தாலே 10,000 லிட்டர், 15 டன் தழை. குதிரை, காளை, ஆள், சமையல் எல்லாம் இதற்கு மேல். நம் மாவட்டம் வானம் பார்த்த பூமி. காவிரியை விட்டுத் தெற்கே வந்தால் கண்மாயிலிருந்து கண்மாய்க்குத்தான் ஒரு படை நகர முடியும். ஒரு கண்மாய் வற்றியிருந்தாலோ, எதிரி கரையை உடைத்துவிட்டிருந்தாலோ, அடுத்த கண்மாய் எட்டுவதற்குள் அந்தப் படை பாதி தோற்றுவிடும். எந்த மாதத்தில் படையெடுப்பது, எந்த வழியில் போவது, எங்கே பாசறை அமைப்பது ஆகிய மூன்றும் தண்ணீர்க் கணக்கில் அடங்கியவை. வள்ளுவர் படைமாட்சிக்கு முன்பே காலமறிதலையும் இடனறிதலையும் வைத்தது எனக்குப் பெரிய செய்தியாகப் படுகிறது. வேலேந்திய வீரரைக் கோத்தெடுத்த களிறும் கால் புதையும் சேற்றில் நரிக்கு இரையாகும் என்கிறார் அவர். இது வெறும் உவமை அல்ல. கி.மு. 326-ல் ஜீலம் நதிக்கரையில் போரஸ் யானைகளை வரிசையாக நிறுத்தி அலெக்சாந்தரைத் தடுக்க நின்றான். அலெக்சாந்தர் அந்த வரிசைக்கு நேரே ஆற்றில் இறங்கவில்லை, மழை இரவில் ஆற்றின் மேல்புறம் போய்க் கடந்தான். அவனை மறிக்கப் போன போரஸின் தேர்கள் சேற்றில் சிக்கின. அணிவகுப்பு சரியாகத்தான் இருந்தது, நிலம்தான் கைவிட்டது.

இனி தொல்காப்பியத்துக்கு வருவோம். புறத்திணையில் போர் எங்கிருந்து தொடங்குகிறது? கைகலப்பிலிருந்து அல்ல, மாட்டைக் கவர்வதிலிருந்து. வெட்சி முதலில், பிறகு படையெடுப்பாகிய வஞ்சி, பிறகு முற்றுகையாகிய உழிஞை, அதன் பின்பே இரு படையும் களத்தில் எதிர்நிற்கும் தும்பை. வெட்சிக்குள் 14 துறைகள். படை புறப்படும் ஓசை, பகையின் ஒற்றர் அறியாமல் செல்லும் செலவு, நம் ஒற்றர் கொண்டுவரும் செய்தி, ஊரின் புறத்தே பதுங்கித் தங்குதல், வளைத்தல், கவர்தல், துன்பமின்றி மாட்டை ஓட்டி வருதல் என்று அது படிப்படியாகப் போகிறது. இலக்கணம் படிக்கிறோம் என்று நினைத்துப் படிக்கிறோம். உள்ளே இருப்பது இரவுத் தாக்குதலின் நடைமுறை. மாட்டைக் கவர்ந்தால் எதிரியின் உழவும் பாலும் போகும். அவன் எவ்வளவு விரைவாக, எத்தனை பேரோடு மீட்க வருகிறான் என்பதும் தெரிந்துவிடும். பெரும்போருக்கு முன் எதிரியின் ஆழம் பார்க்க இதைவிட மலிவான வழி கிடையாது. 2006-ல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த தமிழ்-பிராமி நடுகல், தொல்காப்பியம் வழங்கும் அதே ஆகோள் என்ற சொல்லால் ஒரு வீரனின் சாவைக் குறிக்கிறது. நம் பொற்பனைக்கோட்டையிலும் தமிழ்-பிராமி எழுத்துள்ள நடுகல் கிடைத்திருக்கிறது. அதுவும் எளிய வீரன் ஒருவனுக்கு எடுத்த கல்தான். அதே ஊரில் கோட்டை மேடும் அகழியும் இன்றும் கண்ணுக்குத் தெரிகின்றன. தொல்லியல் துறை அங்கே அகழாய்வு நடத்தியிருக்கிறது. நடுகல்லும் கோட்டையும் ஓரிடத்தில் சேர்ந்து கிடப்பது தற்செயல் என்று நான் கருதவில்லை. வெளியே மாடு, உள்ளே நெல், நடுவே மதில். அன்றைய போர் இந்த மூன்றைச் சுற்றித்தான் நடந்தது.

மதிலைச் சுற்றிய போர் எப்படி இருந்தது என்பதைக் கோவூர்கிழார் அருகே நின்று காட்டுகிறார். சோழன் நலங்கிள்ளி ஆவூரை முற்றியிருக்கிறான், நெடுங்கிள்ளி உள்ளே கதவடைத்துக் கிடக்கிறான். புலவர் வாளையும் வேலையும் பாடவில்லை. நெய்ச்சோற்றுக் கவளம் கிடைக்காமல் தறியில் கட்டுண்டு புரளும் யானைகளைக் காட்டுகிறார். பாலின்றி அழும் குழந்தைகளையும், பூவின்றி வெறுங்கூந்தல் முடிக்கும் பெண்களையும், தண்ணீர் இல்லாத வீடுகளையும் காட்டுகிறார். அறவழி என்றால் கதவைத் திற, மறவழி என்றால் வெளியே வந்து போரிடு, இரண்டும் இல்லாமல் ஒளிந்திருப்பது நாணத்தக்கது என்று மன்னன் முகத்துக்கு நேரே சொல்கிறார். ஓர் அம்புகூடப் பறக்காத பாட்டில் ஓர் ஊர் வீழ்வதைப் பார்க்கிறோம். இதற்கு நேர் எதிர், நம் பொன்னமராவதிக்கு அப்பால் பிரான்மலையாக நிற்கும் பாரியின் பறம்பு. மூவேந்தரும் சேர்ந்து முற்றியும் அந்த மலையை வேலால் எடுக்க முடியவில்லை. உழாமலே கிடைக்கும் மூங்கில் நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன் ஆகிய நான்கும் மலையில் உண்டு, சுனையில் நீரும் உண்டு என்று கபிலர் காரணம் சொல்கிறார். புலவர் சொன்ன காரணம்தான், ஆனாலும் தளவாட அதிகாரி ஒருவர் எழுதித் தரும் அறிக்கை இப்படித்தான் இருக்கும்.

இங்கே ஒரு மறுப்பு எழும், நியாயமான மறுப்பு. புலவர்கள் பரிசில் பெற்றுப் பாடியவர்கள், மெய்க்கீர்த்திகள் மன்னன் செலவில் வெட்டப்பட்டவை, மிகை நிறைந்த இவற்றை எப்படிச் சான்றாகக் கொள்வது? நான் இவற்றை அப்படியே நம்பச் சொல்லவில்லை. மிகை எங்கே இருக்கும்? கொன்ற யானைகளின் எண்ணிக்கையில், மன்னன் தோளின் வலிமையில், ஓடிய குருதியின் அளவில் இருக்கும். பட்டினி கிடக்கும் யானையைப் பாடுவதால் எந்த மன்னனுக்கும் புகழ் சேராது. அது கண்டதைச் சொன்னதாகத்தான் இருக்க வேண்டும். வழி கேட்டவனுக்கு மறையவன் சொன்ன பாதையில் புகழ்ச்சிக்கு இடமே இல்லை. அந்தப் பாதையையும், பகைவர் இருவர் தனித்தனியே கொடும்பாளூரை வென்றதாகச் சொல்லிக்கொள்வதையும் சேர்த்துப் பார்க்கும்போது, ஒருவரோடு ஒருவர் கலந்து பேசாத சாட்சிகள் ஒரே இடத்தைச் சுட்டுகிறார்கள். நீதிமன்றத்தில்கூட இதற்கு மதிப்பு உண்டு.

இரண்டாவது மறுப்பு இன்னும் வலுவானது. எவ்வளவு நீரும் சோறும் இருந்தாலும், கடைசியில் களத்தில் நின்று வென்றவன்தானே வென்றவன்? தலைவனின் வீரமும் அணியின் கட்டுக்கோப்பும்தானே முடிவு செய்கின்றன? இரண்டு போர்களை அருகருகே வைத்துப் பார்ப்போம். 949-ல் தக்கோலத்தில் முதல் பராந்தகனின் மகன் ராஜாதித்தன் யானைமேல் இருந்தபடியே கொல்லப்பட்டான். சோழப் படை நிலைகுலைந்தது, தொண்டை மண்டலம் கைவிட்டுப் போனது. 1054-ல் கொப்பத்தில் ராஜாதிராஜனும் அதேபோல யானைமேல் மாண்டான். படை கலையத் தொடங்கியது. ஆனால் தம்பி இரண்டாம் ராஜேந்திரன் தன் யானையை முன்னே செலுத்தினான். யானையின் நெற்றியிலும் தன் தொடையிலும் தோளிலும் அம்பு தைக்க நின்று, சாளுக்கியரை வென்று, களத்திலேயே முடி சூடினான். இரண்டு போரிலும் தலைவனின் வீரத்தில் குறை கிடையாது, இருவருக்கும் யானைமேல் துஞ்சியவர் என்ற பெயரே நிலைத்தது. வேறுபாடு, அடுத்து ஆணையிட ஓர் ஆள் அணியமாக இருந்ததுதான். சோழக் கல்வெட்டுகளில் வேளைக்காரர், கைக்கோளர், வில்லிகள், குதிரைச் சேவகர், மூன்றுகை மகாசேனை என்று படைப்பிரிவுகளின் பெயர்கள் நிறையக் கிடைக்கின்றன. யாருக்கு யார் கட்டுப்பட்டவர் என்ற அமைப்பு அவற்றில் தெரிகிறது. அந்த அமைப்புதான் வடிவம் உடைந்த பிறகும் படையைச் சேர்த்துப் பிடித்தது. வடிவத்தின் வெற்றிக்கு உலகமே காட்டும் சான்று கி.மு. 216-ல் ஹானிபால் ரோமப் படையைச் சுற்றி வளைத்து அழித்த கன்னே. அதை நான் மறுக்கவில்லை, அதற்கு மேல் ஓர் அணிவகுப்பு இல்லை. ஆனால் அந்தப் போரில் தோற்ற ரோம்தான் கடைசியில் அந்த யுத்தத்தை வென்றது. இத்தாலிய நட்பு நகரங்களில் பெரும்பாலானவை அதன் பக்கம் நின்றன, புதிய படைகள் திரண்டன, மீண்டும் அப்படியொரு களத்துக்கு வர அது மறுத்தது.

இன்னொரு கேள்வியும் இருக்கிறது: அமைதியை விரும்பும் காலத்தில் போரைப் பற்றி எதற்குப் பேச்சு? வியூகத்தையும் வாளையும் மட்டும் பேசினால் அந்தக் கேள்வி சரியே. அப்படிப் பேசும்போது போர் ஒரு விளையாட்டாகிவிடும், ஆவூரில் அழுத குழந்தை கணக்கில் வராது. குளத்தையும் பாதையையும் பட்டினியையும் பேசும்போது போரின் விலை யார் தலையில் விழுந்தது என்பதும் சேர்ந்தே தெரிகிறது. சுந்தர சோழன் காலத்தில் ஈழத்தில் பட்ட கொடும்பாளூர்ச் சிறியவேளானின் பெயரைக் கல்வெட்டு காத்தது. அவனோடு கடல் கடந்து போன எளியவர்களின் பெயர்கள் எங்கே?

ஆகவே இந்த அவையிடம் ஒரு கோரிக்கை வைக்கிறேன். 1910 முதல் திருக்கோகர்ணத்தில் நமக்கென்று ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே ஒரு பெரிய வரைபடம் வேண்டும். வெள்ளாறு, கோனாடு, கானாடு, கொடும்பாளூரில் பிரியும் மூன்று பாதைகள், வழியிலுள்ள பழங்கண்மாய்கள், பொற்பனைக்கோட்டை, ஒலியமங்கலம், அன்னவாசல், எல்லைக்கு அப்பால் பிரான்மலை ஆகிய அனைத்தும் ஒரே படத்தில் அமைய வேண்டும். ஒவ்வோர் ஊரின் பக்கத்திலும் அதைச் சொல்லும் செப்பேடோ கல்வெட்டோ பாட்டோ எதுவென்று குறிக்க வேண்டும். பொற்பனைக்கோட்டை மதில்மேட்டின் மண் அள்ளப்படாமல் காக்கும் பொறுப்பைச் சுற்றியுள்ள ஊர்களின் கிராம சபைகள் தீர்மானமாகவே நிறைவேற்றலாம். படத்துக்கு வேண்டிய கல்வெட்டுப் பட்டியலைத் தொகுக்கும் வேலையைக் கல்லூரி வரலாற்றுத் துறைகளும் தமிழ்த் துறைகளும் இந்தக் கல்வியாண்டிலேயே தொடங்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.