முழுப்பேர்

இன்று டொக்டராகும் பிள்ளைகளே, இந்தப் பேச்சு உங்களுக்கு.

ஹட்டன் பக்கத்துத் தோட்டத்தில், லயத்து அறையில் பிறந்தவன் நான். அம்மா கொழுந்து பறித்து என்னைப் படிக்கவைத்தார். இலங்கையர் ஒருவரிடம் எச்.ஐ.வி. முதலில் கண்டறியப்பட்டது 1987இல். அந்தக் காலத்து மருத்துவ மாணவர்களான எங்களுக்கு அது மருந்தில்லாத நோய். வார்டில் அப்படியொரு நோயாளியின் கட்டிலருகே போகக் கால் கூசியது. வெள்ளைக் கோட்டுக்குள்ளும் அதே பயம்தான்.

பிறகு எங்கள் தோட்டத்து அக்கா ஒருவர். கணவர் இறந்தபின் அவருக்கும் தொற்று என்று தெரிந்தது. வைத்தியசாலைத் துண்டில் எழுதியிருந்தது எப்படியோ லயத்துக்கு வந்துவிட்டது. எல்லாரும் தண்ணீர் பிடித்து முடித்தபிறகே அவர் பீலிக்குப் போகலாம். அவருக்கு மட்டும் தேத்தண்ணி சிரட்டையில். லயத்துச் சுவரில் டொக்டர்களான நாங்கள் ஒட்டிய விளக்கத் தாள்களை மழை நனைத்ததுதான் மிச்சம்.

2004இல் அரசு எச்.ஐ.வி.க்கு இலவசமாக மாத்திரை கொடுக்கத் தொடங்கியது. எலும்பும் தோலுமாக இருந்த அக்கா எழுந்து கொழுந்து பறிக்க மலைக்குப் போனார். முதலில் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம். அடுத்த வருஷம் நிறுவைத் தராசில் முழுப்பேர்! அன்று பக்கத்து வீட்டுக்காரி கோப்பையில் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். நானும் அங்கே உட்கார்ந்து குடித்தேன். அந்தத் தேத்தண்ணியின் சூடு இன்னும் என் நாக்கில் இருக்கிறது.

உடனே சிகிச்சை தொடங்கினால் துணைக்குத் தொற்றுவது 96 சதவீதம் குறைகிறது என்று 2011இல் ஆய்வு காட்டியது. தாயிடமிருந்து பிள்ளைக்குத் தொற்றுவதை இலங்கை ஒழித்துவிட்டதாக உலக சுகாதார நிறுவனம் 2019இல் சான்றளித்தது. ஆனால் 2016இல், வெறும் வதந்தியை நம்பி, ஆறு வயதுப் பையன் ஒருவனைப் பாடசாலைகள் சேர்க்க மறுத்தன. அவனுக்கு நோயே இல்லை. கடைசியில் கண்டி டிரினிட்டி கல்லூரிதான் கதவு திறந்தது. மருந்து வந்து பன்னிரண்டு வருஷத்துக்குப் பிறகும் சிரட்டை நம் வீடுகளில் இருந்திருக்கிறது, பிள்ளைகளே.

உங்களில் சிலர் நுவரெலியாவுக்கோ டிக்கோயாவுக்கோ வருவீர்கள். மாத்திரை இலவசம்தான். ஆனால் கிளினிக்குக்கு பஸ் ஏறும் நாளில் தோட்டத்து நோயாளிகளுக்குப் பேர் விழாது. உடல் தேறியவர்களுக்கு ஒரே தடவையில் மூன்று மாத மாத்திரை கொடுக்க வழி பாருங்கள். துண்டை மடித்து அவர்கள் கையிலேயே கொடுங்கள்.