சம்பளம் இங்கே... சாவி எங்கே?

தலைப்பு: உலகமயமாக்கலால் நம் வாழ்வு உயர்ந்ததா? உலைந்ததா?
"உலைந்ததே!" அணியில் திருப்பூர் ஆசிரியை ஒருவர் ஆற்றிய உரை

அன்புக்கும் மரியாதைக்கும் உரிய நடுவர் ஐயா அவர்களே! என் அணித் தலைவர் அவர்களே! எங்களிடம் தோற்பதற்காகவே உள்ளூர்ச் சட்டையை வெளியூரில் இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டு வந்திருக்கும் எதிரணி நண்பர்களே! (சிரிப்பு) அரங்கத்தில் அமர்ந்திருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே! பண்டிகைப் பலகாரத்தைக் கடித்தபடி வீட்டில் இருந்து பார்த்துக்கொண்டிருக்கும் குடும்பத்தாரே!

எனக்கு முன்னாடி பேசிய தம்பி என்ன போடு போட்டார் பார்த்தீங்களா? உலகமே நம் கைக்குள்ள வந்துடுச்சுன்னார். நானும் அவர் கையைத்தான் பார்த்தேன். கையில கட்டியிருக்கிற கடிகாரம் ஜப்பான். மூக்குக் கண்ணாடி இத்தாலி. பையில இருக்கிற செல்போன் கொரியா. நம்ம ஊர்ச் சரக்குன்னு அவர்கிட்ட மிச்சம் இருக்கிறது அந்தத் தொண்டை ஒண்ணுதான்! (சிரிப்பு, கைதட்டல்)

ஐயா, நான் ஒண்ணை முதலிலேயே சொல்லிடறேன். 1991-ல் கதவு திறந்தது. வேலை வந்தது, பொருள் வந்தது, போன் வந்தது. ஒரு காலத்துல டிரங்க் கால் போட்டுட்டு அரை நாள் காத்துக் கிடந்த நாம, இன்னைக்குப் பேரன் முகத்தைப் பார்த்துப் பேசறோம். இதையெல்லாம் நான் மறுக்கவே இல்லை. மறுத்தா நான் பொய் சொல்றவளாயிடுவேன். நான் பள்ளிக்கூடத்து வாத்தியாரம்மா. பிள்ளைகள் பார்த்துக்கிட்டிருக்கு.

என் கேள்வி வேற. வீட்டுக்குள்ள சாமான் நிறைய வந்திருக்கு, சரி. அந்த வீட்டுச் சாவி யார் கையில இருக்கு? என் வேலை நாளைக்கு இருக்குமா, என் ஆத்துல தண்ணி ஓடுமா, என் பிள்ளை அடுத்த வருஷம் எந்த ஊர்ல படிக்கும்... இதையெல்லாம் முடிவு பண்ற இடம் எங்கே போச்சு? சம்பளம் இங்கே இருக்கு, சாவி எங்கே? இதுதான் நடுவர் ஐயா என் வழக்கு.

எதிரணித் தலைவர் பெரியவர். கணியன் பூங்குன்றனாரை சாட்சிக்குக் கூப்பிட்டார். உலகத்தையே ஊராகப் பார்த்தவன் தமிழன், அவனுக்கு உலகமயம் புதுசான்னு கேட்டார். ஐயா, பூங்குன்றனார் எல்லாரையும் சொந்தக்காரன்னு சொன்னார். 'கஸ்டமர்'னு சொல்லலையே! (பலத்த கைதட்டல்)

அந்தக் காலத்துலயும் வணிகம் இருந்தது. நான் இருக்கிறது திருப்பூர்ப் பக்கம். எங்க நொய்யல் ஆத்தங்கரையில கொடுமணல்னு ஒரு ஊர் இருக்கு. சங்க காலத்து ஊர். தொல்லியல் துறையினர் தோண்டிப் பார்த்தா, கல்மணிகள் செய்த பட்டறை, இரும்பு உருக்கிய உலை எல்லாம் கிடைச்சிருக்கு. ரோமாபுரி வரைக்கும் தொடர்பு இருந்த வணிகப் பாதை அது. ஆனா அந்த வணிகம் நடந்தபோது நொய்யல் ஓடிக்கிட்டு இருந்தது ஐயா. அதே நொய்யலுக்கு எங்க காலத்துல என்ன ஆச்சுங்கிறதைச் சொல்லாம நான் உட்காரப் போறதில்லை.

அதுக்கு முன்னாடி ஒரு சின்ன மஞ்சள் கதை. இதைத் தாய்மார்கள் கவனமா கேக்கணும்.

கைல கத்தி பட்டா நம்ம வீட்டுல என்ன பண்ணுவோம்? மஞ்சளை வச்சு அழுத்துவோம். எங்க அம்மா பண்ணாங்க, அவங்க அம்மா பண்ணாங்க. 1995-ஆம் வருஷம் அமெரிக்காவுல, மஞ்சள் புண்ணை ஆத்தும்கிறதுக்குக் காப்புரிமை கொடுத்துட்டாங்க! ஒரு பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் கண்டுபிடிச்சாங்களாம். அதை எங்க பாட்டி கேட்டிருந்தா, "ஏஞ்சாமி, அப்ப நான் இத்தனை வருஷமா திருட்டு வைத்தியமா பண்ணிட்டிருந்தேன்?"னு கேட்டிருக்கும். (சிரிப்பு)

நம்ம நாட்டு விஞ்ஞான, தொழில் ஆராய்ச்சிக் குழு சும்மா இருக்கல. பழைய ஏடுகளையும் கட்டுரைகளையும் கொண்டுபோய் வாதாடினாங்க. 1997-ல் அந்தக் காப்புரிமை ரத்தாச்சு. தம்பி உடனே "ஜெயிச்சுட்டோமே"ன்னு கையைத் தூக்குறார். ஜெயிச்சோம் தம்பி. ஆனா என் அஞ்சறைப் பெட்டியில இருக்கிற மஞ்சள் எனக்குச் சொந்தம்னு நிரூபிக்க நான் எதுக்கு அமெரிக்கா வரைக்கும் போகணும்? (கைதட்டல்) பண்பாடுன்னா வெறும் வேட்டி சேலை இல்லை ஐயா. நமக்குத் தெரிஞ்சதை நமக்குத் தெரியும்னு சொல்ற உரிமைதான் பண்பாடு. அந்த உரிமைக்கே வெளியூர்ல போய் முத்திரை வாங்க வேண்டி வந்துச்சே!

இப்ப திருப்பூருக்கு வர்றேன்.

தம்பி புள்ளிவிவரம் சொன்னார். திருப்பூர் அண்மை ஆண்டுகளில் வருஷத்துக்கு 30,000 கோடி ரூபாய்க்கு மேல ஏற்றுமதி பண்ணுதுன்னார். உண்மை. எங்க ஊர்ல யாரும் பட்டினி கிடக்கிறதில்லை, வந்தவனுக்கெல்லாம் வேலை கொடுக்கிற ஊர்னு எனக்கும் பெருமைதான். ஆனா அந்தக் கணக்குல ஒரு பக்கத்தைத்தான் தம்பி படிச்சார். மறுபக்கத்தை நான் படிக்கிறேன்.

பருத்தித் துணியில சாயம் ஏறணும்னா உப்பு வேணுங்க. மூட்டை மூட்டையா உப்பு. சாயம் துணியில நிக்கும். உப்பு அத்தனையும் கழிவுத் தண்ணியோட வெளியே வரும். எங்கே போகும்? வெள்ளியங்கிரி மலையில பிறந்து, கோயமுத்தூர், திருப்பூர் வழியா வந்து, கரூர் மாவட்டத்துல காவிரியில சேர்ற நொய்யலுக்குத்தான் போச்சு. சிவப்புச் சட்டைக்கு ஆர்டர் வந்தா சிவப்பா ஓடுச்சு. நீலச் சட்டைக்கு ஆர்டர் வந்தா நீலமா ஓடுச்சு. வெளிநாட்டுல இந்த வருஷம் என்ன கலர் ஃபேஷன்னு தெரிஞ்சுக்க நாங்க பத்திரிகை வாங்க வேண்டியதில்லை. ஆத்துப் பாலத்துல நின்னு எட்டிப் பார்த்தா போதும்! (சிரிப்பு)

சிரிக்கிறீங்க. ஆனா கீழே இருக்கிற விவசாயி சிரிக்கலீங்க. அவனுக்காகத்தான் ஒரத்துப்பாளையம் அணை கட்டினாங்க. 1992-ல் வேலை முடிஞ்சது. பாசனத்துக்குக் கட்டின அணை, சாயத் தண்ணி தேங்கற குட்டையாப் போச்சு. கிணத்துத் தண்ணி உப்பாச்சு. தென்னை காஞ்சது. உலகத்துல எந்த விவசாயியாவது அணையில தண்ணி தேக்காதீங்கன்னு கேப்பானா? எங்க ஊர் விவசாயி கேட்டான் ஐயா! கெஞ்சினான்!

சட்டை அங்கே போச்சு... சாயம் இங்கே நின்னுச்சு! (நீண்ட கைதட்டல்)

அந்த விவசாயிகள் வழக்குப் போட்டாங்க. வருஷக்கணக்கா நடந்தாங்க. கடைசியில 2011 ஜனவரியில சென்னை உயர் நீதிமன்றம் 700-க்கும் மேற்பட்ட சாயப்பட்டறைகளை மூடச் சொல்லிடுச்சு. அப்ப அழுதது யாரு? பட்டறையில தினக்கூலிக்கு நின்னவன். விவசாயியும் நம்ம ஆளு, தொழிலாளியும் நம்ம ஆளு. ஒருத்தன் வாழ்ந்தா இன்னொருத்தன் சாகணும்கிற இடத்துல இரண்டு பேரையும் கொண்டுபோய் நிறுத்தினது எது? இன்னும் மலிவா கொடு, இன்னும் சீக்கிரம் கொடுன்னு விலை பேசின அந்தத் தூரத்துச் சந்தைதானே? அந்தச் சட்டையைப் போட்டுக்கிட்டுப் போனவருக்கு நொய்யல்னு ஒரு ஆறு இருக்கிறதாவது தெரியுமா?

சரி, ஆத்தை விடுங்க. வீட்டுக்குள்ள வாங்க.

எங்க ஊர்ல 'ஒன்றரை ஷிப்ட்'னு ஒண்ணு உண்டு. எட்டு மணி நேரம் ஒரு ஷிப்ட்; பன்னிரண்டு மணி நேரம் ஒன்றரை. கப்பல் கிளம்பற தேதி நெருங்கினா ராத்திரி பகல் கிடையாது. புருஷன் ஒரு கம்பெனி, பொண்டாட்டி ஒரு கம்பெனி. அவன் வரும்போது இவ கிளம்புவா. ஒருநாள் லீவு விட்டாங்கன்னு ரெண்டு பேரும் ஒரே நேரத்துல வீட்டுல இருந்தாங்களாம். அந்தம்மா கதவைத் திறந்து பார்த்துட்டு, "யாருங்க வேணும்? எங்க வீட்டுக்காரர் வேலைக்குப் போயிருக்காருங்களே"ன்னுச்சாம்! (பெருஞ்சிரிப்பு)

என் வகுப்புல ஒடிசாவில் இருந்து வந்த பையன் ஒருத்தன் படிச்சான். திருக்குறளை அவன் சொல்லும்போது கேக்கணும் நீங்க... தேன்! இதைப் பாருங்க, இதுதான் உலகமயத்தின் அழகுன்னு தம்பி சொல்லுவார். அழகுதான். ஆனா ஒரு திங்கட்கிழமை அவன் வரல. பக்கத்து வீட்டுப் பிள்ளைகிட்ட விசாரிச்சா, "அவங்கப்பாவுக்கு வேலை நின்னுடுச்சு டீச்சர், ஊருக்குப் போயிட்டாங்க"ன்னு சொல்லுது. ஏன் நின்னுச்சு? ஆர்டர் இல்லை. ஏன் ஆர்டர் இல்லை?

அங்கேதான் ஐயா விஷயம் இருக்கு. 2025 ஆகஸ்ட் 27-ஆம் தேதி. இந்தியச் சரக்குக்கு அமெரிக்கா போட்ட வரி மொத்தம் 50 சதவீதமாச்சு. திருப்பூர் ஏற்றுமதியில ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு அமெரிக்காவுக்குப் போனது. அந்த 50-ல் பாதி எதுக்குன்னு கேட்டீங்கன்னா, இந்தியா ரஷ்யாகிட்ட எண்ணெய் வாங்குதுன்னு! எண்ணெய் வாங்கினது யாரோ, கோபப்பட்டது யாரோ. ஓவர்லாக் மெஷின் நின்னது எங்க ஊர்ல! (கைதட்டல்) காஜா பட்டன் வைக்கிற பொண்ணுக்கும் ரஷ்யா எண்ணெய்க்கும் என்னங்க சம்பந்தம்? அவ வாங்கறது ரேஷன் கடை பாமாயில்! (சிரிப்பு) வரி அப்புறம் ஏறலாம், இறங்கலாம், அது வேற கதை. ஒரு கையெழுத்து அங்கே விழுந்தா ஒரு பிள்ளையோட படிப்பு இங்கே நிக்குதே, அதுதான் என் கதை. முன்னாடி நம்ம வீட்டுக் கஷ்டத்துக்குக் காரணம் கேட்டா மழை பெய்யல, முதலாளி சரியில்லைன்னு சொல்ல முடிஞ்சது. போய்ச் சண்டையாவது போடலாம். இன்னைக்கு யார் வீட்டு வாசல்ல போய் நிக்கிறது?

அரசாங்கத்து வாசல்ல நில்லுன்னு எதிரணி அம்மா சொன்னாங்க. அந்த அரசாங்கம் பாவம், என்ன நிலைமையில இருக்கு தெரியுமா? பெண்ணைப் பெத்த வீடு மாதிரி நிக்குது! முதலீட்டாளர்னு ஒரு மாப்பிள்ளை வர்றார். ஒரு மாநிலம் சொல்லுது: "நிலம் தர்றோம்." "அப்புறம்?" "கரண்ட் தர்றோம்." "அப்புறம்?" "வரிச் சலுகை." பக்கத்து மாநிலம் வேலிக்கு மேல எட்டிப் பார்த்து, "மாப்பிள்ளே, நாங்க இன்னும் ரெண்டு பவுன் சேர்த்துப் போடறோம்"ங்குது! (பலத்த சிரிப்பு, கைதட்டல்) எந்தக் கட்சி ஆண்டாலும் சீர்வரிசைத் தட்டு மாறுறதில்லை. நாம ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கிறவர், மாப்பிள்ளை முகம் கோணாம பார்த்துக்கிறதே வேலையா நிக்கிறார்.

அந்த மாப்பிள்ளையாவது நிலைச்சு இருப்பாரா? ஸ்ரீபெரும்புதூர்ல நோக்கியா ஆலை 2006-ல் உற்பத்தி தொடங்கிச்சு. சுத்துப்பட்டுக் கிராமத்துப் பெண்கள் ஆயிரக்கணக்கில் வேலைக்குப் போனாங்க. முதல் சம்பளத்தை அம்மா கையில கொடுத்த பெண்கள், தம்பியைப் படிக்க வச்ச பெண்கள். அந்தச் சந்தோஷத்தை நான் குறைச்சுச் சொல்ல மாட்டேன். ஆனா ஒரு பக்கம் வரி வழக்கு, இன்னொரு பக்கம் அந்தக் கம்பெனியோட செல்போன் தொழிலையே மைக்ரோசாஃப்ட் வாங்கின பேரம். இந்த ஆலை மட்டும் பேரத்துல சேரல. 2014 நவம்பர் 1-ஆம் தேதி உற்பத்தி நின்னு போச்சு. அப்புறம் அதே வட்டாரத்துல வேற ஆலைகள் வந்தது, இல்லைங்கல. ஆனா அன்னைக்கு வீட்டுக்குத் திரும்பின அந்தப் பெண்ணோட எட்டு வருஷம்? அவ கத்துக்கிட்ட வேலை? அவளை நம்பி வாங்கின கடன்? அவகிட்ட யாராவது ஒரு வார்த்தை கேட்டு முடிவு பண்ணாங்களா?

நடுவர் அவர்களே, நிறைவாக ஒன்று.

அப்ப கதவை இழுத்துச் சாத்திடலாமான்னு தம்பி கேக்கிறார். வேண்டாம் தம்பி. கதவு திறந்தே இருக்கட்டும், காத்து வரட்டும். நான் சொன்ன கதைகளை ஒருதரம் திருப்பிப் பாருங்க. மஞ்சளை மீட்டது சந்தை இல்லை, நம்ம விஞ்ஞானிகள். சாயத் தண்ணியில ஒரு சொட்டுக்கூட ஆத்துக்கு விடாம சுத்தம் பண்ணித் திரும்பப் பயன்படுத்தணும்கிற முறை எங்க ஊருக்கு வந்ததே, அது யாரால? விலை பேசின வெளிநாட்டுக்காரரால இல்லை. கோர்ட்டுப் படியேறின கோவணத்து விவசாயியால! (நீண்ட கைதட்டல்) எங்கெல்லாம் நாம சாவியைத் திருப்பிக் கேட்டோமோ, அங்கெல்லாம் வாழ்வு கொஞ்சம் நிமிர்ந்தது. எங்கெல்லாம் கேக்காம விட்டோமோ, அங்கெல்லாம் உலைஞ்சது.

விருந்தாளி வரலாம் ஐயா. உட்காரலாம், சாப்பிடலாம், பெட்டி நிறைய வாங்கிட்டும் போகலாம். ஆனா வீட்டுக்காரி சமையலறைக்குள்ள போக விருந்தாளிகிட்ட அனுமதி கேக்கிற நாள் வந்தா, அந்த வீட்டுக்குப் பேர் வீடு இல்லை... சத்திரம்!

எங்கள் வாழ்வு சத்திரமாகிவிடக் கூடாது. என் வகுப்பில் காலியாகக் கிடந்த அந்த ஒரு பெஞ்சை மனதில் வைத்து, உலகமயமாக்கலால் நம் வாழ்வு உலைந்ததே என்று நல்ல தீர்ப்பு வழங்குமாறு நடுவர் ஐயா அவர்களைக் கேட்டுக்கொள்கிறேன். (நீண்ட கைதட்டல்)