மூக்கு அறிந்த மாதங்கள்

டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலின் பின்னிணைப்பில் ஒரு நாள்காட்டி இருக்கிறது. ஹாபிட் என்னும் குட்டை மனிதர்களுக்காக அவர் வகுத்தது. பன்னிரண்டு மாதம், ஒவ்வொன்றுக்கும் 30 நாள். மிஞ்சும் 5 நாளை எந்த மாதத்திலும் சேர்க்காமல், குளிர்காலத்தில் இரண்டும் நடுக்கோடையில் மூன்றுமாகத் தனியே விட்டார். நடுக்கோடை நாளுக்குக் கிழமையே கிடையாது. அதனால் எந்தத் தேதிக்கு என்ன கிழமை என்பது ஆண்டுதோறும் மாறாது. அந்த ஊரில் நாள்காட்டி அச்சடிப்பவர் பிழைப்பது கஷ்டம்தான்!

ஆனால் பாருங்கள், இல்லாத உலகத்துக்குக் காலம் வகுத்தபோதும் 12, 30, 365 என்ற எண்களை அவரால் விட முடியவில்லை. எண்ணே இல்லாமல் ஒரு நாள்காட்டி இருக்க முடியுமா? இருந்தது. நம் வங்கக் கடலில், இன்றைக்குத் திக்லிபூர் என்ற ஊர் இருக்கிற வட அந்தமானில்.

திக்லிபூரும் சென்னையும் ஏறத்தாழ ஒரே அட்சரேகையில் இருக்கின்றன. சென்னையிலிருந்து நேர் கிழக்கே கடலைக் கடந்தால் அங்கே போய்ச் சேரலாம். அங்கே சூரியன் நமக்கு ஏறக்குறைய 50 நிமிடம் முந்தி உதிக்கிறது. கடிகாரம் மட்டும் நம்முடையதேதான். நாட்டுக்கு ஒரே நேரம் என்று அரசாங்கம் வைத்த கணக்கு. கோழி அதைக் கேட்டுக் கூவுவதில்லை. இன்று அங்கே வாழ்பவர்களில் பெரும்பாலோர் 1950-களிலிருந்து குடியமர்த்தப்பட்ட கிழக்கு வங்க அகதிகளின் வழிவந்தவர்கள். அவர்களுடைய பைசாக் மாதப் பிறப்பும் நம் சித்திரை முதல் நாளும் ஒருநாள் முன்பின்னாக வரும். எங்கே போனாலும் பஞ்சாங்கம் மூட்டையோடு கூடவே போய்விடுகிறது.

அவர்களுக்கு முன்னே அந்தக் காட்டிலும் கரையிலும் வாழ்ந்தவர்கள் சாரி, கோரா, போ, ஜேரு என்ற குழுக்கள். இவர்கள் பெரிய அந்தமானியர் என்ற பிரிவைச் சேர்ந்தவர்கள். 1906 முதல் 1908 வரை அந்தமானில் தங்கி ஆராய்ந்த ராட்கிளிஃப்-பிரௌன் என்ற ஆங்கிலேய மானிடவியலாளர், 1922-இல் வெளியிட்ட நூலில் இவர்கள் காலம் அறிந்த விதத்தை எழுதியிருக்கிறார். காட்டில் மரங்களும் கொடிகளும் ஒன்றன்பின் ஒன்றாகப் பூக்கின்றன. ஒரு வாசனை ஓய, அடுத்தது எழும். எந்தப் பூவின் மணம் காட்டை நிறைக்கிறதோ, அந்தப் பூவின் பெயரே அப்போதைய காலத்தின் பெயர். பூ மாறினால் தேனின் சுவையும் மாறும். ஆக, மூக்கு சொன்னதை நாக்கு சரிபார்த்துவிடும். ஒரு காலம் எத்தனை நாள் நீளும் என்று யாரும் கணக்கு வைக்கவில்லை. மணம் இருக்கும்வரை மாதம்.

எண்ணும் வழக்கம்கூட அவர்களிடம் வேறு மாதிரி. ஒன்று, இரண்டு என்பவற்றுக்கு மட்டுமே சொல் இருந்ததாக மேன் என்ற ஆங்கிலேய அதிகாரி 1880-களில் தென் அந்தமானியரைப் பற்றி எழுதினார். அதற்கு மேல் வேண்டுமானால் சுண்டுவிரலில் தொடங்கி ஒவ்வொரு விரல் நுனியாக மூக்கைத் தொட்டுக்கொண்டே போவார்களாம். அங்கேயும் மூக்குதான்!

எனக்கு இதில் மிகவும் பிடித்தது பெண்களின் பெயர். ஒரு பெண் வயதுக்கு வரும்போது காட்டில் எந்தப் பூ பூத்திருக்கிறதோ, அதன் பெயரை அவளுக்குச் சூட்டுவார்கள். முதல் பிள்ளை பிறக்கும்வரை அவளை அந்தப் பெயரால்தான் அழைப்பார்கள். பூ காயாகிவிட்டால் பூப்பெயர் எதற்கு? 'பூப்பெய்தினாள்' என்று சொல்லும் தமிழருக்கு இதற்கு விளக்கவுரை தேவையில்லை. நாம் சொல்லளவில் நின்றுவிட்டோம், அவர்கள் எந்தப் பூ என்றும் கேட்டார்கள். ஒருத்தியின் பெயரைச் சொன்னாலே அவள் எந்தப் பருவத்தில் பெரியவளானாள் என்பது தெரிந்துவிடும்.

நம்மிடமும் இதன் சாயல் இல்லாமல் இல்லை. "நடவு சமயத்தில் பிறந்தவன்" என்று பேரனின் வயதைச் சொன்ன பாட்டிகளை நாம் பார்த்திருக்கிறோம். மேற்கு மலைகளில் பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் நீலக்குறிஞ்சியை வைத்துப் பளியர்கள் வயதைக் கணக்கிட்டார்கள் என்பார்கள்.

அந்தமான் காட்டின் பூவரிசை ஆண்டின் பெரும்பகுதிக்குத்தான் உதவும். மற்றபடி காற்று இருக்கிறது. அந்தமானியர் நம்பிக்கையில் தென்மேற்குப் பருவக்காற்றுக்குரிய தெய்வம் தாராய். வடகிழக்குக் காற்றுக்குரியவள் பிலிக்கு, கோபக்காரி. தேன்மெழுகை உருக்கினால் அவளுக்குப் பிடிக்காது. விடியலிலும் அந்தியிலும் சில்வண்டு பாடும்போது மரம் வெட்டிச் சத்தம் போட்டாலும் பிடிக்காது. மீறினால் புயல் வரும். நம் ராகுகாலம், எமகண்டம் பலகையைவிட இது எளிது, சில்வண்டு ஓய்ந்ததும் வேலையைத் தொடரலாம்.

1858-இல் ஆங்கிலேயர் கைதிகள் குடியிருப்பை நிறுவியபின் நோய்கள் பரவின. 1961 கணக்கெடுப்பில் பெரிய அந்தமானியர் 19 பேர்தான் இருந்தார்கள். பின்னர் அவர்களை ஸ்ட்ரெயிட் தீவில் குடியமர்த்தினார்கள். போ மொழியைப் பேசிய கடைசி மனுஷியான போவா சீனியர் 2010 ஜனவரியிலும், சாரி மொழியின் கடைசிப் பேச்சாளரான லிச்சோ 2020 ஏப்ரலிலும் காலமானார்கள். மொழியியலாளர் அன்விதா அப்பி இவர்களிடம் கேட்டுப் பதிவுசெய்த சொற்கள் இப்போது அகராதியாக இருக்கின்றன.

டோல்கீனின் நாள்காட்டியை அச்சிட்டு எந்த வீட்டுச் சுவரிலும் மாட்டிவிடலாம். இந்த மண நாள்காட்டியை மாட்ட ஆணி கிடையாது. திக்லிபூரை அடுத்து 732 மீட்டர் உயரத்தில் நிற்கும் சாடில் சிகரத்தின் அடிவாரக் காட்டுக்கு வேனிலில் போக வேண்டும்; செல்போனைப் பையில் போட்டுவிட்டு, மூச்சை மெல்ல உள்ளே இழுக்க வேண்டும். ஏதோ ஒரு பூ மணக்கும். அது எந்த மாதம் என்று அருகில் நிற்கும் யாருக்கும் சொல்லத் தெரியாது.